மெய்யாத்தான் சொல்லுறியளோ, அம்மம்மா?

அவன் கையைச் சூடாக்காமல் ஒருவரையும் தொடமாட்டான். அறைக்குள் வந்ததும் ஜன்னலுக்குக் கீழே இருக்கிற ஹீற்றரில் இரண்டு உள்ளங்கைகளையும் கொஞ்ச நேரம் வைத்திருப்பான். பிறகு ரீவியை நிற்பாட்டுவான். கதிரையை இழுத்து, கட்டிலைவிடப் பதிவாக உட்கார்ந்து, வலது காதை நோயாளியின் வாய்ப்பக்கம் கொடுப்பான். "இப்ப சொல்லுங்கோ, அம்மம்மா."

மொன்றியலுக்கு வந்து எத்தனையோ வருடமாகிவிட்டது. வயதுபோன ஒரு தமிழ் மனுசி கதைப்பதை இப்படிக் காது கொடுத்துக் கேட்ட இன்னொருவரை நான் இங்கே கண்டதில்லை. பெற்ற மகள் நானே கேட்டதில்லை. கை பாத்திரம் கழுவும், தோளுக்கும் காதுக்கும் நடுவில் ரெலிபோன் இருக்கும், வாய் பாட்டுக்கு "ஓம் அம்மா, ஓம் அம்மா" என்று சொல்லிக்கொண்டிருக்கும். நான் கேட்கிற லட்சணம் அது. ஆகவே அவனை எனக்கு நன்றாகப் பிடித்திருந்தது. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பிறகு நடந்ததெல்லாம் தெரிந்தவர்கள் முகத்தைச் சுளித்தால் சுளிக்கட்டும்.

அவன் பெயரை நான் எழுதப்போவதில்லை. அவன் வேலை செய்த முதியோர் இல்லத்திலும் அவனை ஒருவரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. எங்கள் ஊரில் ஆஸ்பத்திரித் தாதியை மிஸ்ஸி என்போம். இவன் தாடி வைத்த தாதி என்பதால் மனுசிமார் கூடி "ஆம்பிளை மிஸ்ஸி" என்று பட்டம் வைத்துவிட்டார்கள். ஆண்கள் "டொக்ரர் தம்பி" என்பார்கள். "நான் டொக்ரர் இல்லை ஐயா, நேர்ஸ்" என்று அவன் ஒவ்வொரு முறையும் திருத்துவான். பொய்யாக ஒரு மரியாதை கிடைப்பதுகூட அவனுக்குப் பிடிக்காது.

அம்மா விழுந்து இடுப்பெலும்பை முறித்துக்கொண்டபின் அந்த இல்லத்துக்குப் போனார். நான் புவாண்ட்-கிளேரில் ஒரு கிடங்கில் நாள் முழுக்க நின்று பெட்டி கட்டுகிறவள். செயின்ட்-மிஷேலில் எங்கள் வீடு இரண்டாம் மாடியில், வெளிப்படிக்கட்டு, பனிக்காலத்தில் எனக்கே அதில் இறங்கப் பயம். நானும் மனுசனும் வேலைக்குப் போனால் அம்மாவைத் தூக்கிப் பார்க்க ஆளில்லை. இல்லத்தில் ஒரு மாடியில் பாதிப்பேர் எங்கடை ஆட்கள் என்று சொன்னார்கள். அதிலும் தமிழ் கதைக்கிற ஒரு தாதி இருக்கிறான் என்றதும் எனக்குப் பாதிப் பாரம் இறங்கிவிட்டது.

தமிழ் கதைப்பான்தான். ஆனால் அவனைக் கைக்குழந்தையாக இந்த நாட்டுக்குக் கொண்டுவந்துவிட்டார்கள். படித்தது, விளையாடியது, சண்டை பிடித்தது எல்லாம் பிரெஞ்சில். தமிழை அவன் அந்த இல்லத்துக் கட்டில் கட்டிலாகப் பொறுக்கி எடுத்தான். சொல்லெல்லாம் சுத்தமாக வரும். சொல்லுக்குள் இருக்கிற விளையாட்டு மட்டும் அவனுக்குப் பிடிபடாது.

ஒருநாள் அம்மா, "இந்தக் கஞ்சியை மனுசர் வாயில வைக்கேலாது" என்றார். இவன் ரோர்ச் லைற்றை எடுத்துவந்து, "ஆ எண்டுங்கோ அம்மம்மா" என்று அம்மாவின் வாய்க்குள் புண் தேடினான். நான் சிரித்த சிரிப்பில் கண்ணால் தண்ணீர் வந்துவிட்டது. இன்னொரு மனுசி, "இந்தக் கண்ராவி ஸ்னோவை இனிப் பாக்கேலாது" என்று சொல்லிவிட்டார். போய்ப் பார்த்தால் திரையை இழுத்து மூடி, கிளிப் வேறு போட்டிருக்கிறான். அந்த மனுசி சில நாள் பட்டப்பகலில் இருட்டுக்குள் கிடந்தார். "தம்பி ஆசையாச் செய்தது, எப்பிடித் திறக்கச் சொல்லுறது" என்று அவருக்குக் கூச்சம்.

உச்சம் என்னவென்றால் கோடி அறையில் இருந்த ஐயாவின் கதைதான். அவருடைய மகன் நாள் தவறாமல் போன் எடுத்து, குளிசை போட்டாச்சா, நடந்தாச்சா என்று கேட்பான். ஐயா போனை வைத்துவிட்டு, "இவன் என்னைச் சாக்காட்டப் போறான்" என்று புறுபுறுத்திருக்கிறார். ஆம்பிளை மிஸ்ஸி கதிரையை இழுத்துப் போட்டு, "மெய்யாத்தான் சொல்லுறியளோ, ஐயா?" என்று கேட்டிருக்கிறான். "பின்னை என்ன, பொய்யே சொல்லுறன்?" என்றிருக்கிறார் ஐயா. அடுத்த கிழமை அந்த மகனைக் கூப்பிட்டு, கழுத்தில் கட்டிய ரையோடு இருத்திவைத்து, தகப்பனைக் கொல்லப் பார்த்தாயா என்று ஒரு சோஷல் வேர்க்கர் பிரெஞ்சில் விசாரணை செய்தா. கோயிலில் அன்னதானத்துக்கு வரிசையில் நின்றபோது இதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தோம்.

அந்தக் கேள்வியை அவன் எல்லோரிடமும் கேட்பான். மெய்யாத்தான் சொல்லுறியளோ? வயதுபோனதுகளுக்கு அது ஒரு பெரிய சந்தோசம். என்ன சொன்னாலும் "விசர்க்கதை கதையாதேங்கோ" என்று வாயடைக்கிற பிள்ளைகளுக்கு நடுவில், ஒருவன் பக்கத்தில் குந்தி மெய்யா என்று கேட்டால் யார் இல்லை என்பார்கள்? "மெய்யாத்தான் ராசா" என்று இன்னும் ஒரு பிடி கூட்டித்தான் சொல்வார்கள். என் அம்மாவும் அப்படித்தான்.

என் அம்மாவைப் பற்றிச் சொல்லவேண்டும். "கடவுள் என்னை எடுக்கிறானில்லையே" என்பது அம்மாவின் வாயில் கிடக்கிற வசனம். பருப்பு அடிப்பிடித்தால் சொல்வார். நான் சோதனையில் கோட்டை விட்டபோது சொன்னார். கரண்ட் போனால் சொல்வார், மருமகன் தேத்தண்ணிக்குச் சீனி கூடக் கேட்டால் சொல்வார். சொல்லி முடித்த கையோடு, "வடை இருக்கே?" என்று கேட்பார். நாற்பது வயதிலிருந்து அப்படிச் சொல்லிச் சொல்லியே எண்பது தாண்டிவிட்டார். எங்கள் வீட்டில் அது மணிக்கூட்டுச் சத்தம் மாதிரி. ஒருவருக்கும் காதில் விழாது.

முதலில் கோடி அறை ஐயா போனார். மத்தியானம் சாப்பிட்டுப் படுத்தவர் எழும்பவில்லை. வயதான மனிதர், இதயமும் பலவீனம், ஒருவரும் ஒன்றும் நினைக்கவில்லை. அவன் அழுதான். செத்தவீட்டுக்கு வெள்ளைப் பூக்கொத்தோடு வந்து மகனின் கையைப் பிடித்து, "ஐயா காணும் எண்டு சொன்னவர்" என்றான். காணும் என்றால் போதும்; அதைச் சோற்றுக்கும் சொல்வோம், குழம்புக்கும் சொல்வோம். மகனுக்கு அது ஆறுதலாக இருந்தது. என்னிடமே சொன்னான், அப்பாவின் கடைசிச் சொல்லைக் கேட்க ஒரு தமிழ் ஆள் பக்கத்தில் இருந்தது எவ்வளவு பெரிய விஷயம் என்று.

அந்தப் பனிக்காலத்தில் இன்னும் சிலர் போனார்கள். பனிக்காலத்தில் போவதுதானே என்று நினைத்தோம்.

அம்மாவின் பக்கத்து அறையில் ரீச்சர் இருந்தார். ஊரில் கணக்குப் படிப்பித்தவர், நாக்கு அரிவாள். அம்மாவுக்கும் அவருக்கும் ஒரு நாள் சண்டை, மறுநாள் சகவாசம். அவருடைய பேத்தி ஒரு வெள்ளைக்காரப் பெடியனைக் கட்டப்போகிறாள். ரீச்சருக்கு அது ஒரே எரிச்சல். வருகிறவர்கள் போகிறவர்கள் எல்லோரிடமும், "இந்தக் கூத்தைப் பாக்கமுதல் நான் போய்ச் சேந்திடவேணும்" என்பார்.

சொல்லிய வாயாலேயே ஒருநாள் என்னைக் கூப்பிட்டார். அலுமாரியைத் திறக்கச் சொன்னார். மயில்கழுத்து நிறத்தில் ஒரு காஞ்சிபுரம், பிளாஸ்ரிக் உறைக்குள் தொங்கியது. அதன் பிளவுசை என் கையில் வைத்து, "கை இறுக்குது பிள்ளை. கொஞ்சம் விட்டுத் தைச்சுக் கொண்டு வா. ஆக லூசா விடாதை, படத்தில கிழவி மாதிரித் தெரியும்" என்றார். சம்பந்தி வீட்டுக்காரிக்குச் சொல்வதற்கென்று இரண்டு பிரெஞ்சு வசனமும் பாடமாக்கி வைத்திருந்தார். எனக்குச் சொல்லிக் காட்டினார். ஒன்று வாழ்த்து, மற்றது சாடையான குத்து.

பிளவுஸ் என் வீட்டில் தைத்து மடித்து இருக்கும்போது ரீச்சர் இறந்துவிட்டார் என்று போன் வந்தது. கலியாணத்துக்கு இன்னும் ஒரு கிழமைதான் இருந்தது.

செத்தவீடு காலையில் நடந்தது. பெட்டிக்குள் ரீச்சர் அந்த மயில்கழுத்துச் சேலையோடு கிடந்தார். பிளவுசை நான்தான் கொண்டுபோய்க் கொடுத்தேன். கை அளவாகத்தான் இருந்தது. நான் ஒரு மூலையில் நின்று அழுதுகொண்டிருந்தேன். அவன் வந்து பக்கத்தில் நின்றான். கண் சிவந்திருந்தது. ஆனால் முகத்தில் ஒரு அமைதி, வேலை ஒன்றைச் சரியாகச் செய்து முடித்த ஆளின் முகம்.

"அழாதேங்கோ அன்ரி. அம்மம்மா கலியாணத்துக்கு முன்னம் போய்ச் சேரவேணும் எண்டு கேட்டவ. போய்ச் சேந்திட்டா."

எனக்கு அழுகை நின்றுவிட்டது. "அது கோவத்தில சொன்னது தம்பி. அவ அந்தக் கலியாணத்துக்குச் சேலை எடுத்து வைச்சிருந்தவ. இப்ப போட்டிருக்கிறது அதுதான்."

"இல்லை அன்ரி. நான் மெய்யாத்தானோ எண்டு கேட்டனான். மூண்டு தரம் கேட்டனான். மூண்டு தரமும் ஓமெண்டவ." அவன் குரலைத் தாழ்த்தினான். "உங்கடை அம்மாவும் சொல்லியிருக்கிறா. பாவம், கனநாளாய்ச் சொல்லுறா."

கோடி அறை ஐயா, காணும். ரீச்சர், போய்ச் சேரவேணும். என் அம்மா, கடவுள் எடுக்கிறானில்லையே. ஐயோ, என் அம்மா ஒரு நாளைக்குப் பத்துத் தரம் சொல்கிற வசனம்!

அவன் ஜக்கெற்றின் சிப்பை இழுத்தான். "எனக்குப் பின்னேர வேலை இருக்கு. போட்டு வாறன் அன்ரி."

இல்லத்துக்குப் போன் எடுத்து என்ன சொல்வது? உங்கள் தாதி ஆறுதல் சொன்னான், அது எனக்குப் பிடிக்கவில்லை என்றா? என் பிரெஞ்சுக்கு அதைச் சொல்லி முடிக்க முதல் அவன் அங்கே போய்க் கையைச் சூடாக்கிவிடுவான். பஸ்ஸில் போனால் இரண்டு மாறவேணும், டக்சி பிடிப்பதற்குள் அவன் தன் காரில் போய்விடுவான். வேறு வழி தெரியவில்லை.

"தம்பி, நானும் வாறன். அம்மாவைப் பாக்கவேணும்" என்றேன். அவன் சந்தோசமாகத் தலையாட்டி, காரின் முன்கதவைத் திறந்துவிட்டான். என் சேலைத் தலைப்பு கதவில் மாட்டாமல் குனிந்து எடுத்தும் விட்டான்.

ஹைவே முழுக்கச் சேறும் பனியும். வைப்பர் அடித்தபடி இருந்தது. கடைசியில் சாதாரணமாகக் கதைப்பதுபோலத் தொடங்கினேன். "தம்பி, எங்கடை ஆக்கள் அப்பிடித்தான் கதைக்கிறது. எடுக்கிறானில்லை எண்டால் சாகவேணும் எண்டு கருத்தில்லை. அலுப்பாக் கிடக்கு, என்னைக் கவனி எண்டு கருத்து."

"எல்லாப் பிள்ளையளும் இதைத்தான் சொல்லுறவை, அன்ரி." கோபமே இல்லாமல் சொன்னான். "நான் சின்னனாய் இருக்கேக்க எங்கடை அம்மம்மா ஆஸ்பத்திரியில கிடந்தவ. நான்தான் டொக்ரருக்கு மொழிபெயர்க்கிறது. அவ ஏலாது, ஏலாது எண்டு கத்துவா. அம்மா எனக்குச் சொல்லுவா, அதைச் சொல்லாதை, கொஞ்சம் நோகுது எண்டு மட்டும் சொல்லு. நான் அப்பிடியே சொன்னனான். கனநாள் கிடந்து கஷ்டப்பட்டுத்தான் போனவ. இப்ப நான் ஆர் சொல்லுறதையும் மாத்துறேல்லை."

எனக்கு அந்தச் சின்னப் பிள்ளையை நினைத்து ஒரு கணம் நெஞ்சு உருகியது. அந்த உருக்கத்தை நினைத்து எனக்கே பயமாகவும் இருந்தது.

"இந்த நாட்டில விருப்பப்பட்டுப் போறதுக்குச் சட்டம் இருக்கு தம்பி. கேக்கிற ஆள் கையெழுத்து வைக்கவேணும், டொக்ரர்மார் பாக்கவேணும்."

"ஓம். ஆனா அதைப் பிரெஞ்சில கேக்கவேணும், அன்ரி. அவையளுக்குத் தெரியாதே" என்று சொல்லி, சிக்னல் போட்டு, கவனமாக வலது பக்கம் இறங்கினான்.

இல்லத்துக்குள் அவனை முந்திப் போகவேண்டும் என்று பாய்ந்து நடந்தேன். அவன் என் கோட்டை வாங்கி மாட்டிவிட்டு, அம்மாவின் அறைக்குள் பின்னாலேயே வந்தான். ஹீற்றரில் கையை வைத்தான். ரீவியை நிற்பாட்டினான். அம்மா நெற்றியைச் சுருக்கிக்கொண்டு இருந்தார். தேத்தண்ணி வரப் பிந்திவிட்டது. அந்த முகத்தை எனக்குத் தெரியும். அடுத்து என்ன வசனம் வரும் என்றும் தெரியும்.

அவன் கதிரையை இழுத்துப் பதிவாக இருந்து காதைக் கொடுத்தான். "அம்மம்மா, போகவேணும் எண்டு சொன்னனீங்கள். மகளும் வந்திருக்கிறா. மெய்யாத்தான் சொல்லுறியளோ?"

"மெய்யாத்தான் ராசா" என்றார் அம்மா. "இஞ்சை ஒரு வாய் தேத்தண்ணிக்கும் வழியில்லை. என்னால இனி ஏலாது. போகத்தான் வேணும்."

அவன் அம்மாவின் கையை எடுத்துத் தன் சூடான இரண்டு கைக்குள்ளும் வைத்துக்கொண்டான். அவன் கண் கலங்கியது. அம்மாவோ, தேத்தண்ணி வரப்போகிறது என்று நினைத்து அவனைப் பார்த்துச் சிரிக்கிறார்.

"வீட்டை!" என்று கத்தினேன். என் குரல் எனக்கே வேறாகக் கேட்டது. "போகவேணும் எண்டால் வீட்டை போகவேணும் எண்டுறா. என்ரை வீட்டை. இப்பவே கூட்டிக்கொண்டு போறன்."

அவன் என்னைப் பார்க்கவில்லை. அம்மாவைத்தான் பார்த்தான். "அப்பிடியோ, அம்மம்மா? வீட்டையோ?"

அந்த ஒரு கணத்தில் என் அம்மா என்ன சொல்லப்போகிறார் என்பதில்தான் எல்லாம் இருந்தது. வாயைத் திறந்தால் வசனம் வந்துவிடும். நான் அம்மாவின் காலை அழுத்திப் பிடித்தேன்.

"வீட்டையோ?" என்று அம்மா என்னை நம்பாமல் பார்த்தார். "படியில என்னை ஆர் ஏத்துறது? சரி, ஏத்துவியெண்டால் வாறன். தோசை சுடுவியே?"

அவன் முகம் மலர்ந்துவிட்டது. சத்தியமாகச் சொல்கிறேன், மலர்ந்துவிட்டது. ஓடிப்போய்ச் சக்கரக் கதிரை கொண்டுவந்தான். அம்மாவுக்குக் கோட் போட்டான், முழந்தாளில் இருந்து பூட்ஸ் நாடாவைக் கட்டினான், கழுத்துச் சால்வையைக் குளிர் புகாமல் சுற்றிவிட்டான். டக்சிக்குள் தூக்கி வைத்ததும் அவன்தான். "போட்டு வாங்கோ, அம்மம்மா" என்று கையைக் காட்டினான். அம்மா கண்ணாடிக்குள்ளால் அவனுக்குக் கை காட்டிக்கொண்டே வந்தார். நான் டக்சிக் கதவின் பூட்டை அழுத்திப் பிடித்தபடி இருந்தேன்.

அன்றைக்கே பொலிசுக்குச் சொன்னேன். அவன் என்ன சொன்னான் என்று கேட்டார்கள். என் உடைந்த பிரெஞ்சில் சொன்னேன்: அவர்கள் போக விரும்பினார்கள், போனார்கள் என்று சொன்னான். எழுதிக்கொண்டிருந்த பெண் பேனையை வைத்துவிட்டு என்னை இரக்கமாகப் பார்த்தா. பிரெஞ்சில் அது செத்தவீட்டில் யாரும் சொல்கிற வார்த்தைதான். ரீச்சரின் பிளவுஸ் கதையைத் திரும்பத் திரும்பச் சொன்னேன். அதற்குப் பிறகுதான் பேனையை எடுத்தா.

அவன் மறைக்கவில்லை. நீயா செய்தாய் என்று கேட்டார்களாம், ஓம் என்றானாம். ஒவ்வொருவருக்கும் ஊசி போடமுதல் எத்தனை தரம் கேட்டான், என்ன பதில் சொன்னார்கள் என்பதையும் சொல் மாறாமல் சொன்னானாம்.

வழக்கில் என்னையும் கூப்பிட்டார்கள். அம்மாவின் வசனத்தை மொழிபெயர்ப்பாளர் பிரெஞ்சில் சொன்னார். அவன் பக்கத்து வழக்கறிஞர் எழும்பி, "உங்கள் தாயார் இதைச் சொன்னவரா?" என்று கேட்டார். சொன்னவர் என்றேன். "அப்படியென்றால் சாவைக் கேட்டிருக்கிறார்?" இல்லை என்றேன். "சொன்னவர், ஆனால் கேட்கவில்லை?" ஓம், ஓம், அதுதான் என்றேன். அந்த மண்டபத்தில் அது ஒருவருக்கும் விளங்கவில்லை. கண்ணாடிக் கூண்டுக்குள் அவன் தலையைச் சாய்த்து, வலது காதை என் பக்கம் கொடுத்து, ஒரு சொல் விடாமல் கேட்டுக்கொண்டிருந்தான். அவனுக்கும் விளங்கவில்லை. அவன் இனி வெளியே வரமாட்டான் என்று சொல்கிறார்கள். எனக்கு அதில் நிம்மதி. ஆனால் அம்மாவின் பூட்ஸ் நாடாவைக் கட்டும்போதெல்லாம் அவன் போட்ட முடிச்சு ஞாபகம் வருகிறது.

அம்மா அதற்குப் பிறகு எங்களோடுதான்; நானும் மனுசனும் வேலை நேரத்தை மாற்றி மாற்றிப் பார்த்துக்கொண்டோம். அம்மாவுக்கு எல்லாவற்றையும் சொன்னோம். எவ்வளவு நாளைக்கு மறைப்பது? கேட்டுவிட்டு, "அந்தப் பிள்ளையோ?" என்று மட்டும் கேட்டார். பிறகு அந்த வசனத்தை அம்மா சொல்லவில்லை. பருப்பு அடிப்பிடித்தது, சொல்லவில்லை. கரண்ட் போனது, இருட்டுக்குள் பேசாமல் இருந்தார். வீடு வீடாகவே இல்லை. எப்போதாவது ஒருநாள் அம்மா அதைச் சொல்லிவிட்டால் எல்லாம் பழையபடி ஆகிவிடும் என்று நான் காத்துக்கொண்டிருந்தேன்.

போன கிழமை ஒரு காலை. வேலைக்குப் பிந்துகிறது என்ற அவசரத்தில் ஆறிய தேத்தண்ணியைக் கொண்டுபோய் வைத்துவிட்டேன். அம்மா ஒரு வாய் குடித்துவிட்டு முகத்தைச் சுளித்தார்.

"கடவுள் என்னை எடுக்கிறானில்லையே!"

எனக்குச் சந்தோசம் வந்திருக்கவேண்டும். சிரித்துக்கொண்டு, சூடாக்கித் தாறன் அம்மா என்று சொல்லியிருக்கவேண்டும். எப்படி வந்தேன் என்று தெரியாது, கட்டிலுக்குப் பக்கத்தில் கதிரையை இழுத்துப் போட்டுக் குனிந்து இருக்கிறேன். அம்மாவின் கையைப் பிடித்திருக்கிறேன். என் வாய் கேட்கிறது.

"மெய்யாத்தான் சொல்லுறியளோ, அம்மா?"

அம்மா என் முகத்தைப் பார்த்தார். பிறகு என் கையைப் பார்த்தார். மெல்லத் தன் கையை இழுத்துக்கொண்டார்.

"இல்லைப் பிள்ளை. சும்மா. சும்மா சொன்னனான்."

தேத்தண்ணிக் கோப்பையை இரண்டு கையாலும் தூக்கி, என்னிலிருந்து கண்ணை எடுக்காமல், அந்த ஆறிய தேத்தண்ணியைக் கடைசிச் சொட்டு வரைக்கும் குடித்தார். "நல்லா இருக்கு" என்றார்.